‘மாதிரி’ விடுபட்ட வாக்குமூலம்

பல ஆண்டுகளுக்கு முன் ஒரு மாலை நேரத்தில், எனக்குச் சற்று முன்னால் நடந்து சென்றுகொண்டிருந்த வயதான பெண்மணி ஒருவரின் கைப்பையை ஓர் இளைஞர் பறித்துக்கொண்டு ஓடினார். என்னைக் கடந்துதான் ஓடினார். அவருடைய முகத்தை நான் பார்த்தது இரண்டு நொடி இருக்கலாம், மிஞ்சிப்போனால் மூன்று நொடி. கீழே விழுந்த அம்மாவைத் தூக்கி உட்கார வைத்தேன். காவலர்கள் வந்ததும் பார்த்ததைச் சொன்னேன். பெயரையும் முகவரியையும் கொடுத்துவிட்டு வந்தேன். ஐந்து நாள் கழித்துக் காவல் நிலையத்துக்கு வரச் சொன்னார்கள். மேசையின் மேல் ஆறு புகைப்படங்கள் வரிசையாக இருந்தன. ஐந்து படங்கள் பழையவை. ஓரம் சுருண்டு, பல கைகள் பட்டு மங்கியவை. மூன்றாவது மட்டும் அண்மையில் எடுத்தது, பளபளப்பு இன்னும் போகாதது. அந்த வேறுபாட்டை என் கண் பார்த்தது, மனம் அதை ஒரு பொருட்டாக எடுத்துக்கொள்ளவில்லை.

“அவசரமே இல்லை, நல்லாப் பாருங்க” என்றார் அதிகாரி. ஒவ்வொன்றாகப் பார்த்து, மூன்றாவதைக் காட்டி, “இவர் மாதிரிதான் தெரியுது” என்றேன். அவர் தலையசைத்தார். “நாங்களும் அப்படித்தான் நினைச்சோம்” என்றார். அதைக் கேட்டதும் எனக்குள் ஒரு நிம்மதி பரவியது. கடினமான கேள்விக்குச் சரியான விடையை எழுதிவிட்ட மாணவருக்கு வருமே, அப்படிப்பட்ட நிம்மதி. சிறிது நேரத்தில் வாக்குமூலத்தை எழுதிக் கொண்டுவந்து வைத்தார்கள். அதில் “இவர்தான்” என்று இருந்தது. ‘மாதிரி’ என்ற சொல் மட்டும் விடுபட்டிருந்தது. படித்துப் பார்த்தேன், கையெழுத்திட்டேன்.

அந்த இளைஞர் 19 நாள் காவலில் இருந்தார். பறிப்பு நடந்த நேரத்தில் அவர் தன் வேலையிடத்தில் இருந்ததைக் காட்டும் கேமராப் பதிவை அவருடைய வழக்கறிஞர் தேடிப் பிடித்துக் கொண்டுவர அத்தனை நாள் ஆயிற்று. இதை எனக்கு யாரும் முறையாகத் தெரிவிக்கவில்லை. வேறொரு வேலையாகப் போனபோது ஒரு காவலர் போகிற போக்கில் சொன்னார். அன்றிரவு நான் தூங்கவில்லை. பொய் சொல்லியிருந்தால் கூட அதை என்னால் எப்படியோ விளங்கிக்கொண்டிருக்க முடியும். நான் பொய் சொல்லவில்லை. அவரே என்று முழுமனதாக நம்பினேன். கையெழுத்திட்ட நாளைவிட அடுத்த வாரம் அதிகமாக நம்பினேன். இன்று அந்தத் திருடரின் முகத்தை நினைவுக்குக் கொண்டுவர முயன்றால் அந்தப் புகைப்படத்தில் இருந்த முகம்தான் வருகிறது. நான் உண்மையில் பார்த்த முகம் எனக்குள் எங்கும் இல்லை.

தவறான தண்டனைகளைப் பற்றி நான் படிக்கத் தொடங்கியது அதற்குப் பிறகுதான். முதலில் என் கண்ணில் பட்டது ரொனால்ட் காட்டன் வழக்கு. 1984ஆம் ஆண்டு ஜூலை மாதம், அமெரிக்காவின் வடக்குக் கரோலினா மாநிலத்தில் 22 வயதுக் கல்லூரி மாணவி ஒருவர் தன் வீட்டிலேயே பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார். உயிர் பிழைத்தால் இவனை அடையாளம் காட்டியே தீருவேன் என்ற உறுதியோடு, அந்த நேரத்திலும் அவர் தாக்கியவரின் முகத்தைக் கூர்ந்து பார்த்து மனத்தில் பதித்துக்கொண்டார். நான் பார்த்ததுபோல் இரண்டு நொடியல்ல, நெடுநேரம் பார்த்தவர். புகைப்படங்களிலிருந்து காட்டனைத் தேர்ந்தெடுத்தார். பிறகு நேரடி அடையாள அணிவகுப்பு நடந்தது. புகைப்படத்திலும் அணிவகுப்பிலும் இடம்பெற்ற ஒரே ஆள் காட்டன்தான். அங்கே அந்தப் பெண் இருவருக்கிடையே தயங்கி, கடைசியில் ஒருவரைக் காட்டி, இவர்தான் மிகவும் ஒத்திருக்கிறார் என்ற பொருளில் சொன்னார். புகைப்படத்தில் நீங்கள் காட்டியதும் இவரைத்தான் என்று அதிகாரிகள் பிறகு அவரிடம் தெரிவித்தார்கள். இதைப் படித்தபோது புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். அவரும் முதலில் ‘மாதிரி’ என்றுதான் சொல்லியிருக்கிறார்.

1985இல் நீதிமன்றத்தில் சாட்சிக் கூண்டில் அந்தப் பெண் ஏறியபோது தயக்கத்தின் சுவடே இல்லை. காட்டன் தன் பங்குக்கு, குற்றம் நடந்த வாரயிறுதியையும் வேறொரு வாரயிறுதியையும் குழப்பிக்கொண்டு, தான் எங்கே இருந்தேன் என்பதைத் தவறாகச் சொல்லியிருந்தார். சாட்சியின் பிசகிய நினைவு, ‘உறுதி’ என்ற பெயரில் அவைக்கு ஏறியது; குற்றம் சாட்டப்பட்டவரின் பிசகிய நினைவோ பொய் என்று எண்ணப்பட்டது. அவருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. 1987இல் நடந்த மறுவிசாரணையில், உண்மையான குற்றவாளியான பாபி பூல் என்பவரையே நீதிமன்றத்துக்கு அழைத்து வந்து அந்தப் பெண்ணின் முன் நிறுத்தினார்கள். இவரை நான் பார்த்ததே இல்லை என்றார் அவர். நடித்துச் சொன்னதல்ல. அவருடைய நினைவில் பூலின் முகம் இருந்த இடத்தைக் காட்டனின் முகம் எப்போதோ எடுத்துக்கொண்டுவிட்டது. 1995இல் மரபணுச் சோதனை உண்மையைக் காட்டியபோது காட்டன் பத்தரை ஆண்டுகளைச் சிறையில் கழித்திருந்தார்.

நினைவு என்பது எடுத்து வைத்த படமல்ல, ஒவ்வொரு முறையும் புதிதாக வரையப்படும் படம். 1974இல் எலிசபெத் லோஃப்டஸ் என்ற உளவியலாளர் தம் சக ஆய்வாளருடன் ஓர் எளிய சோதனை செய்தார். கார் விபத்துக் காட்சியைச் சிலருக்குத் திரையிட்டுக் காட்டி, ஒரு பிரிவினரிடம் கார்கள் இடித்துக்கொண்டபோது என்ன வேகத்தில் சென்றன என்றும், இன்னொரு பிரிவினரிடம் மோதி நொறுங்கியபோது என்ன வேகத்தில் சென்றன என்றும் கேட்டார். ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று இரு பிரிவினரிடமும் கேட்டபோது, ‘நொறுங்கிய’ என்ற சொல்லைக் கேட்டிருந்த 50 பேரில் 16 பேர் பார்த்ததாகச் சொன்னார்கள். மற்றப் பிரிவில் 50 பேரில் 7 பேர். அந்தக் காட்சியில் கண்ணாடி எதுவும் உடையவே இல்லை. கேட்டவரின் வாயிலிருந்து வந்த ஒரு சொல் பார்த்தவரின் நினைவுக்குள் கண்ணாடியைக் கொண்டுபோய்ச் சிதறவிடும் என்றால், “நாங்களும் அப்படித்தான் நினைச்சோம்” என்ற ஒரு வாக்கியம் எனக்குள் என்ன செய்திருக்கும் என்பதை விளக்க வேண்டியதில்லை. அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் குற்றமற்றவர் என நிறுவப்பட்டவர்களின் வழக்குகளில், ஏறத்தாழ பத்தில் ஏழில் தவறான அடையாளம் காட்டல் இருந்திருக்கிறது.

ஆயிரம் குற்றவாளிகள் தப்பினாலும் ஒரு நிரபராதி தண்டிக்கப்படக் கூடாது என்று எல்லோரும் சொல்கிறோம். அந்த வாசகத்தில் எனக்கு ஒரு குறை உண்டு. குற்றவாளிகள் தப்புவதையும் நிரபராதி தண்டிக்கப்படுவதையும் அது தராசின் இரண்டு தட்டுகளாக வைத்துவிடுகிறது. ஏதோ நாம் ஒன்றைக் கொடுத்து மற்றொன்றை வாங்குவதுபோல. நடைமுறையில் இரண்டும் ஒரே தட்டில்தான் இருக்கின்றன. காட்டன் கைதானபோது பூல் வெளியே இருந்தார். 1986இல் இங்கிலாந்தின் லெஸ்டர் அருகே, இரு சிறுமிகள் கொல்லப்பட்ட வழக்கில் 17 வயதுப் பையன் ஒருவன் அவற்றில் ஒரு கொலையைத் தான் செய்ததாக ஒப்புக்கொண்டுவிட்டான். அலெக் ஜெஃப்ரிஸ் அப்போதுதான் கண்டுபிடித்திருந்த மரபணு முறை, இரண்டையும் செய்தது ஒரே ஆள், ஆனால் இந்தப் பையன் அல்ல என்று காட்டியது. மரபணுச் சோதனை குற்ற வழக்கில் முதலில் செய்த வேலை ஒரு நிரபராதியை விடுவித்ததுதான். அந்த ஒப்புதலோடு கோப்பை மூடியிருந்தால் கொலையாளியை யாரும் தேடியே இருக்க மாட்டார்கள். நிரபராதியின் உரிமைகளைப் பேசுகிறவர்கள் பாதிக்கப்பட்டவர்களுக்கு எதிரானவர்கள் என்ற பேச்சைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு வேதனையாக இருக்கும். தவறான ஆளைத் தண்டிப்பதைவிடப் பாதிக்கப்பட்டவருக்குச் செய்யும் பெரிய துரோகம் வேறென்ன இருக்க முடியும்?

செய்யாததை ஒருவர் ஏன் ஒப்புக்கொள்ள வேண்டும் என்று கேட்பவர்களுக்கு இவாவோ ஹகமாடாவின் கதையைத்தான் சொல்ல வேண்டும். 1966ஆம் ஆண்டு ஜூன் மாத இறுதியில் ஜப்பானின் ஷிசுவோகா மாவட்டத்தில் மிசோ என்ற புளிக்கவைத்த சோயா விழுதைத் தயாரிக்கும் நிறுவனம் ஒன்றின் நிர்வாகி, அவருடைய மனைவி, இரு பிள்ளைகள் என நால்வர் கொல்லப்பட்டு வீட்டுக்குத் தீ வைக்கப்பட்டது. அங்கே வேலை பார்த்த, முன்னாள் குத்துச்சண்டை வீரரான ஹகமாடா ஆகஸ்டில் கைது செய்யப்பட்டார். அப்போது அவருக்கு வயது 30. நாளொன்றுக்குச் சராசரியாக 12 மணி நேரம் விசாரித்தார்கள். மூன்று வாரம் ஆவதற்குள் ஒப்புக்கொண்டார். பிறகு நீதிமன்றத்தில் மறுத்தார். அவரிடம் எடுக்கப்பட்ட 45 ஒப்புதல் வாக்குமூலங்களில் 44ஐ நீதிமன்றமே ஏற்கவில்லை. மிஞ்சிய ஒன்றை ஏற்றுக்கொண்டது. நாற்பத்து நான்கைக் கறைபடுத்திய அதே அறை, அதே ஆட்கள், அதே நாட்கள் அந்த ஒன்றை மட்டும் எப்படித் தொடாமல் விட்டிருக்கும் என்ற கேள்வி எனக்கு இன்றும் அடங்கவில்லை.

வழக்கைத் தாங்கி நிறுத்தியது துணிகள். கொலை நடந்து 14 மாதம் கழித்து, விசாரணை நடந்துகொண்டிருந்தபோது, தொழிற்சாலையின் மிசோத் தொட்டிக்குள்ளிருந்து இரத்தக் கறை படிந்த ஐந்து உடைகள் கிடைத்தன. கால்சட்டையை ஹகமாடாவுக்கு அணிவித்துப் பார்த்தபோது அது தொடைக்கு மேல் ஏறவில்லை. மிசோவில் ஊறிச் சுருங்கிவிட்டது என்று அரசுத் தரப்பு சொன்னது. 1968இல் மரண தண்டனை விதிக்கப்பட்டது. 1980இல் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. 1968இல் தண்டனை விதித்த மூன்று நீதிபதிகளில் ஒருவரான நோரிமிச்சி குமாமோட்டோ அவரைக் குற்றமற்றவர் என்றே கருதினார். மற்ற இருவரும் மாறாக நின்றதால், நம்பாத தீர்ப்பைத் தம் கையாலேயே எழுதினார். 1969இல் பதவியை விட்டு விலகினார். அதை வெளிப்படையாகச் சொல்ல அவருக்கு 2007 வரை ஆனது.

வழக்கு கடைசியில் ஒரு நிறத்தில் வந்து நின்றது. அந்த உடைகளில் இருந்த இரத்தக் கறைகள் சிவந்து காணப்பட்டதாகப் பதிவுகள் இருந்தன. ஓராண்டுக்கு மேல் மிசோவில் கிடந்த இரத்தம் சிவப்பாக இருக்குமா? ஹகமாடாவின் பக்கம் நின்றவர்கள் துணியில் இரத்தத்தைத் தடவி, மிசோவில் புதைத்து, காத்திருந்து, எடுத்துப் பார்த்தார்கள். கறை கறுத்திருந்தது. அப்படியானால் அந்த உடைகள் தொட்டிக்குள் ஓராண்டு கிடக்கவில்லை. கண்டெடுக்கப்படுவதற்குச் சற்று முன்னர் யாரோ அவற்றை அங்கே போட்டிருக்க வேண்டும். இதற்குப் பெரிய அறிவியல் எதுவும் தேவைப்படவில்லை. துணி, இரத்தம், மிசோ, பொறுமை, இவை போதும். 1968இலேயே செய்து பார்த்திருக்கலாம்.

2014இல் நீதிமன்றம் மறுவிசாரணைக்கு உத்தரவிட்டு, சான்றுகள் புனையப்பட்டிருக்கக்கூடும் என்று கூறி அவரை விடுவித்தது. அப்போது அவர் சிறையில் ஏறத்தாழ 48 ஆண்டுகளைக் கழித்திருந்தார். அதோடு முடியவில்லை. அரசுத் தரப்பு எதிர்த்தது. 2018இல் உயர் நீதிமன்றம் மறுவிசாரணை உத்தரவை ரத்து செய்தது. உச்ச நீதிமன்றம் மீண்டும் பரிசீலிக்கச் சொன்னது. 2023இல் மறுபடியும் உத்தரவு வந்தது. 2024 செப்டம்பர் 26 அன்று ஹகமாடா குற்றமற்றவர் என்று ஷிசுவோகா நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உடைகளும் ஒப்புதல் வாக்குமூலமும் புனையப்பட்டவை என்றது. 88 வயதான அவர் நீதிமன்றத்துக்கு வரவில்லை. எந்த விடியலில் கதவு திறந்து தூக்குமேடைக்கு அழைத்துப்போவார்களோ என்று பல பத்தாண்டுகள் காத்திருந்ததில் அவருடைய மனம் சிதைந்து போயிருந்தது. தம்பிக்காக வாழ்நாள் முழுக்க வாதாடிய 91 வயது அக்கா ஹிடேகோதான் அவர் சார்பில் தீர்ப்பைக் கேட்டார்.

தவறு நேர்வது எனக்குப் புரிகிறது. நானே செய்திருக்கிறேன். 2014க்கும் 2024க்கும் இடையிலான அந்தப் பத்து ஆண்டுகள்தான் எனக்குப் புரியவில்லை. தவறு நேர்ந்திருக்கிறது என்று தெரிந்த பிறகும் அதைக் காத்து நிற்கும் பிடிவாதம், முதலில் நேர்ந்த தவறைவிடக் கொடுமையானது என்று நான் நினைக்கிறேன். முதல் தவறு அச்சத்தாலும் அவசரத்தாலும் மங்கிய நினைவாலும் நேர்கிறது. இரண்டாவது, குளிரூட்டப்பட்ட அறைகளில், கோப்புகளைப் புரட்டி, நிதானமாகச் செய்யப்படுகிறது.

அறிவியலின் பெயரால் நடப்பதும் குறைவில்லை. இங்கிலாந்தில் சாலி கிளார்க் என்ற வழக்கறிஞரின் இரு கைக்குழந்தைகள் 1996 டிசம்பரிலும் 1998 ஜனவரியிலும் இறந்தன. தாயே கொன்றதாகக் குற்றம் சாட்டினார்கள். ஒரே குடும்பத்தில் இருவர் காரணம் தெரியாத திடீர் மரணத்துக்கு ஆளாக 7 கோடியே 30 லட்சத்தில் ஒரு வாய்ப்புதான் உண்டு என்று பெயர்பெற்ற குழந்தை மருத்துவர் ஒருவர் சாட்சி சொன்னார். 8,543இல் ஒன்று என்ற எண்ணை அதே எண்ணால் பெருக்கிக் கிடைத்த கணக்கு அது. ஒரே பெற்றோருக்குப் பிறந்த, ஒரே வீட்டில் வளர்ந்த குழந்தைகளின் மரணங்கள் ஒன்றோடொன்று தொடர்பில்லாதவை என்று வைத்துக்கொண்டால் மட்டுமே அப்படிப் பெருக்கலாம். அதுமட்டுமல்ல, இரு குழந்தைகளைத் தாய் கொல்வதும் மிக மிக அரிதுதான். எது கூடுதல் அரிது என்பதல்லவா கேள்வி. புள்ளியியலாளர்களின் அரச கழகமே 2001இல் அந்தக் கணக்கைக் கண்டித்து அறிக்கை விட்டது. தண்டனை பெற்றிருந்த சாலி கிளார்க் 2003இல் விடுவிக்கப்பட்டார். 2007இல் 42 வயதில் இறந்துபோனார். அதே நாட்டில் அஞ்சல் நிலையங்களை நடத்திய 900க்கும் மேற்பட்டோர், ஹொரைசன் என்ற கணினி மென்பொருள் காட்டிய பொய்யான பற்றாக்குறையை நம்பித் திருடர்களாகவும் மோசடிக்காரர்களாகவும் தண்டிக்கப்பட்டார்கள். கணினி சரியாக இயங்குகிறது என்பதே சட்டத்தின் அனுமானமாக இருந்தது. மனிதர் நேர்மையாக இருந்திருக்கலாம் என்ற அனுமானம் அங்கே தோற்றுப்போனது.

ஆண்ட்ரூ மால்கின்சனின் வழக்கில் என்னைச் சினமுற வைப்பது வேறொன்று. மான்செஸ்டரை அடுத்த சால்ஃபோர்டில் 2003இல் நடந்த பாலியல் வன்கொடுமைக்காக, அடையாளம் காட்டலை நம்பி, 2004இல் அவருக்கு ஆயுள் தண்டனை விதித்தார்கள். தாக்கியவரின் முகத்தைக் கீறியதாக அந்தப் பெண் சொல்லியிருந்தார். மால்கின்சனின் முகத்தில் கீறலே இல்லை. 2007இலேயே அவருடையதல்லாத ஓர் ஆணின் மரபணு அந்தப் பெண்ணின் உடையில் கண்டறியப்பட்டுவிட்டது. கோப்பு நகரவில்லை. சுமார் 7 ஆண்டுகளில் அவர் வெளியே வர வாய்ப்பு இருந்தது. ஆனால் செய்த குற்றத்துக்கு வருந்துகிறேன் என்று சொல்லாத கைதியைத் திருந்தாதவராகத்தான் சிறை பார்க்கும். குற்றவாளி ஒப்புக்கொண்டு வெளியே வரலாம். குற்றமற்றவருக்கு வருந்துவதற்கு எதுவுமில்லை, அதனால் உள்ளேயே இருக்க வேண்டும். மால்கின்சன் பொய்யாக வருந்த மறுத்தார். 17 ஆண்டுகளுக்கு மேல் இருந்தார். 2023 ஜூலையில் தீர்ப்பு ரத்தானது. அப்போது அவருக்கு இன்னொன்று தெரியவந்தது: சிறையில் இருந்த காலத்தில் உணவுக்கும் தங்குமிடத்துக்கும் அவர் செலவழிக்காமல் மிச்சப்படுத்திய தொகையை இழப்பீட்டிலிருந்து கழித்துக்கொள்ள விதி இருந்தது. மக்களின் கொதிப்புக்குப் பிறகு, அடுத்த மாதமே அந்த விதியை நீக்கினார்கள். அப்படி ஒரு விதியைத் தாளில் எழுதியவர் யாரோ ஒருவர், படித்துப் பார்த்துக் கையெழுத்திட்டவர் இன்னொருவர். அந்த இரண்டாமவரை நினைக்கும்போது நான் என்னையும் நினைத்துக்கொள்கிறேன்.

மாற்றவே முடியாத நோயல்ல இது. காட்டன் தண்டிக்கப்பட்ட அதே வடக்குக் கரோலினா, அடையாளம் காட்டும் முறையை 2007இல் சட்டமாக எழுதியது. சந்தேகத்துக்கு உள்ளானவர் யார் என்று அறியாத அதிகாரிதான் படங்களைக் காட்ட வேண்டும். குற்றவாளியின் படம் இதில் இல்லாமலும் இருக்கலாம் என்று சாட்சியிடம் முன்பே சொல்ல வேண்டும். எவ்வளவு உறுதியாகச் சொல்கிறீர்கள் என்று அந்த நொடியிலேயே கேட்டு, சாட்சியின் சொற்களிலேயே பதிய வேண்டும். என் வாக்குமூலத்தை நினைத்துக்கொண்டு அந்த விதிகளைப் படித்தேன். இவற்றில் எதற்கும் பெரும் பணம் தேவையில்லை. காவல் நிலைய விசாரணை முழுவதையும் ஒலி, ஒளியாகப் பதிவு செய்வதற்குச் சற்றுச் செலவாகும். 45 வாக்குமூலங்களில் எது எப்படி வந்தது என்று ஐம்பது ஆண்டு வாதாடுவதற்கு ஆகும் செலவோடு ஒப்பிட்டால் அது ஒன்றுமில்லை. தண்டனைக்குப் பிறகு வழக்கைத் திரும்பப் பார்க்க, தண்டனை வாங்கித் தந்தவர்களோடு தொடர்பில்லாத அமைப்பு வேண்டும். பிரிட்டனில் 1997 முதல் அப்படி ஓர் ஆணையம் உண்டு. மால்கின்சனின் மனுவை அந்த ஆணையம்தான் இரண்டு முறை திருப்பி அனுப்பியது. ஆகவே அமைப்பு இருந்தால் மட்டும் போதாது, அதில் உட்கார்ந்திருப்பவருக்குத் தம் துறையாரின் முகம் கோணினாலும் கோப்பைத் திறக்கும் மனம் வேண்டும். அதைச் சட்டத்தால் எப்படி வரவழைப்பது என்பதற்கு என்னிடம் விடை இல்லை.

அந்த இளைஞருக்கு நான் ஒரு கடிதம் எழுதினேன். அவருடைய வழக்கறிஞர் மூலம் கொடுத்தனுப்பினேன். என்ன பார்த்தேன், என்ன சொன்னேன், எதில் கையெழுத்திட்டேன் என்பதையெல்லாம் எழுதி, மன்னிப்புக் கேட்டிருந்தேன். இரண்டு மாதம் பதில் இல்லை. பிறகு அரைப் பக்கத்தில் வந்தது. கோபமாக எதுவும் எழுதவில்லை. வேலையிடத்தில் 19 நாளுக்குள் வேறு ஆளை வைத்துவிட்டார்கள் என்றும், விடுதலையானது தெரிந்தும் சிலர் இன்னும் பையை நெருக்கி வைத்துக்கொள்கிறார்கள் என்றும் எழுதியிருந்தார். கடைசியில் ஒரு வேண்டுகோள்: இதே கடிதத்தைத் தன் பெயருக்கு இல்லாமல், பழைய முதலாளியின் பெயருக்கு எழுதித் தர முடியுமா?

அன்றே எழுதினேன். நான் அடையாளம் காட்டியது தவறு, நான் பார்த்தவர் இவர் அல்ல என்று எழுதி, இந்த முறை ஒவ்வொரு சொல்லையும் விரலால் தொட்டுப் படித்த பிறகு கையெழுத்திட்டேன்.